எள்ளும் ஒரு வார்த்தையும்

எந்த நாடு என்று கேட்காதீர்கள். எள் விளைகிற நாடு, அவ்வளவுதான். அங்கே ஒரு குன்றின் மேல் பூவாயி அம்மையின் மடம். அவருக்கு ஒரு சீடர், பெயர் இளையான். பெயர்தான் அப்படி, குருவைவிட வயதில் மூத்தவர். அரண்மனையில் விளைச்சல் அளக்கும் வேலை.

ஒரு சாயங்காலம் இளையான் மூச்சு வாங்கப் படியேறி வந்தார்.

"தாயே, இந்த வருடம் எள் விளைச்சல் கூடியதா, குறைந்ததா?"

"அளந்தவர் நீங்கள்தானே, அண்ணே?"

"அளந்ததால்தான் குழப்பம். அளக்காதவர்கள் எல்லாம் நிம்மதியாக இருக்கிறார்கள்."

அம்மை சிரித்தார். "உட்கார்ந்து சொல்லுங்கள்."

"போன வருடம் மழை இல்லை. ஆற்றங்கரையில் மட்டும்தான் விதைத்தார்கள். நல்ல மண். ஒரு காணி நிலத்துக்கு ஆறு மரக்கால் எள் கண்டது. இந்த வருடம் மழை. கரட்டுக்காட்டு ஜனங்களும் கல்லைப் பொறுக்கிப் போட்டுவிட்டு விதைத்தார்கள். அங்கே காணிக்கு இரண்டுதான். எல்லாவற்றையும் சேர்த்துப் பங்கிட்டால் நாடு முழுக்கக் காணிக்கு நாலு."

"அப்படியானால் குறைந்தது."

"ஆனால் களத்தில் குவியல் போன வருடத்தைவிடப் பெரிது, தாயே!"

"அப்படியானால் கூடியது."

"இதைத்தானே நானும் சொல்கிறேன்! காணிக்கு வருவதும் விளைச்சல், குவிந்து கிடப்பதும் விளைச்சல். அரசரோ ஒரே வார்த்தையில் பதில் கேட்கிறார். குறைந்தது என்று சொன்னால், கணக்கைக் கெடுத்தவர்கள் கரட்டுக்காட்டார்தான் என்று நிலத்தைப் பிடுங்கிவிடுவார். ஓலை எழுதியாகிவிட்டது, முத்திரைதான் பாக்கி. கூடியது என்று சொன்னால், நாலு எப்படி ஆறைவிடக் கூடுதல் என்று என்னைப் பிடித்துக்கொள்வார். நான் என்ன சொல்ல?"

இருட்டத் தொடங்கியிருந்தது. அம்மை எழுந்து கூடத்தில் இருந்த பெரிய குத்துவிளக்கை ஏற்றினார். பிறகு வாசலிலும் கிணற்றடியிலும் படி நெடுகவும் சின்னச் சின்ன அகல்களை ஏற்றிவிட்டு வந்தார்.

"அண்ணே, விளக்குக்கு எவ்வளவு சுடர்? உங்கள் கணக்கில் சொல்லுங்கள்."

இளையான் யோசித்தார். "குத்துவிளக்கு மட்டும் என்றால் ஒரு சாண். அகல்களையும் சேர்த்துப் பங்கிட்டால் விளக்குக்கு ஒரு விரல்கூட வராது."

"அடடா, அவ்வளவு குறைந்துவிட்டதா! எதனால்?"

"இந்த அகல்களால்தான்."

"அப்படியானால் ஊதிவிடுங்கள்."

அவர் அம்மையின் முகத்தைப் பார்த்தார். விளையாட்டா, நிஜமா, தெரியவில்லை. குரு சொன்னால் சொன்னதுதான். வாசலில் ஊதினார், கிணற்றடியில் ஊதினார், படியிறங்கிக்கொண்டே ஒவ்வொன்றாக ஊதிவிட்டுத் தட்டுத்தடுமாறி மேலே வந்தார்.

"இப்போது எவ்வளவு?"

"ஒரு சாண்."

"கூடிவிட்டது பாருங்கள்."

கீழே தொப்பென்று ஒரு சத்தம். கூடவே ஒரு பெண்குரல்.

"எந்தப் புண்ணியவான்யா விளக்கை ஊதினது? மடத்து விளக்குக்குன்னு கரட்டுக்காட்டுல இருந்து எள்ளு சுமந்துட்டு வர்றேன், மூட்டையும் போச்சு, முட்டியும் போச்சு!"

இளையான் கீழே இருட்டை எட்டிப் பார்த்தார்.

"தாயே, இப்போது வெளிச்சம் கூடியிருக்கிறதா, குறைந்திருக்கிறதா?"

"எனக்கு எப்படித் தெரியும், அண்ணே? நான் குத்துவிளக்குக்குப் பக்கத்தில் அல்லவா உட்கார்ந்திருக்கிறேன்."

இளையான் ஓடிப்போய் முதலில் படியில் இருந்த அகலை ஏற்றினார். அந்தப் பெண்ணைக் கைபிடித்து மேலே கூட்டிவந்தார். சிதறிய எள்ளை இருவருமாக அள்ளினார்கள். அப்போதும் அவருக்குக் குழப்பம் தீரவில்லை.

"நாளைக்கு அரசரிடம் என்ன சொல்லட்டும்?"

அம்மை அந்தப் பெண்ணின் முட்டியில் எண்ணெய் தடவிக்கொண்டிருந்தார். தலை நிமிரவில்லை.

"பொழுது சாய்ந்ததும் இங்கே வரச் சொல்லுங்கள். அவர் படியேறுவதற்குள் அகல்களை எல்லாம் ஊதி வைத்துவிடுவோம். கணக்கு நன்றாக இருக்கட்டும்."