சிப்பித்துறைக்குப் போன தலைப்பாகை

முன்னொரு காலத்தில், வடகடல் ஓரத்தில் இருந்த மாடமாபுரியை நெடுமுடிக்கோன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்ல ராஜாதான். ஆனால் ஓர் ஆசை மனதில் விழுந்துவிட்டால் அது நடக்கும்வரை தானும் தூங்கமாட்டான், அடுத்தவரையும் தூங்கவிடமாட்டான்.

வருஷத்தின் முதல் குளிர் விழுந்த ஒரு காலையில், கம்பளிக்குள் முடங்கியபடி சபைக்கு வந்தான். "வேளாதித்தா, சிப்பித்துறை ஞாபகம் இருக்கிறதா?" என்று மந்திரியைக் கேட்டான்.

மந்திரிக்கா ஞாபகம் இருக்காது? அது ராஜாவின் தாய்மாமன் ஊர். மந்திரி பிறந்த ஊர். மலைமுனையைத் தாண்டி, மாடமாபுரிக்கும் வடக்கே இருந்தது. இருவரும் அரைஞாண் கயிற்றோடு அங்கே ஓடித் திரிந்தவர்கள். மார்கழியில் மற்ற ஊர்ப் பிள்ளைகள் குளிரெடுத்தால் அடுப்படிக்கு ஓடுவார்கள். இவர்கள் கடலுக்குள் ஓடுவார்கள். கழுத்தளவு தண்ணீரில் உட்கார்ந்தால் இதமாக இருக்கும், தலைமேல் பூந்தூறல் விழும்.

"அந்த மார்கழி எனக்கு இங்கே வேண்டும்," என்றான் ராஜா.

பராங்குசராயர் என்றொரு அதிகாரி முந்திக்கொண்டார். மந்திரி ஆசனத்தின்மேல் அவருக்கு வெகுநாளாகவே ஒரு கண். "அந்த ஊர் மண்ணில்தான் சூடு இருக்கிறது மகாராஜா, அள்ளி வந்துவிடுவோம்," என்றார்.

வண்டி வண்டியாக மண் வந்தது. மரங்களும் வேரோடு வந்தன. வந்த வேகத்தில் பனியில் கருகின. பிறகு, காற்றில்தான் சூடு என்றார். குடங்களில் காற்றை அடைத்து, வாயில் துணி கட்டிக் கொண்டுவந்து சபையில் திறந்தார்கள். கருவாட்டு வாசனை வந்தது, சூடு வரவில்லை.

ராயர் அசரவில்லை. "மகாராஜா, சூடு அந்த ஜனங்களின் மூச்சிலும் அடுப்பிலும் இருக்கிறது. ஊரையே பெயர்த்து இங்கே குடியேற்றினால் போதும்."

"நடக்கட்டும்," என்றான் ராஜா.

வேளாதித்தனுடைய சொந்தபந்தம் எல்லாம் அங்கேதான். கடலை விட்டு வந்தால் எதைத் தின்று பிழைப்பார்கள்? ஆனால் கூடாது என்று நேராகச் சொன்னால், அதற்காகவே செய்கிற ராஜா அல்லவா இவன்! வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போனான்.

மறுநாள் காலை ராஜா குளிக்கப் போனான். வெந்நீர் அடுப்பு வெளிமுற்றத்தில், தொட்டி உள்ளே. இரண்டுக்கும் நடுவே கல்வாய்க்கால். தொட்டியில் இறங்கிய ராஜா, பல் தந்தியடிக்க வெளியே வந்தான்.

"அடுப்பை அணைத்தது யார்?"

"அடுப்பு நன்றாக எரிகிறது மகாராஜா," என்றான் அங்கே நின்ற வேளாதித்தன். "நான் வாய்க்காலைத்தான் அடைத்தேன். தென்கடலில் வெயில் ஓர் அடுப்பு மூட்டுகிறது. அந்தச் சூட்டைச் சுமந்துகொண்டு கடலுக்குள்ளேயே ஓர் ஆறு ஓடுகிறது. அதன்மேல் தவழும் காற்று சூட்டையும் ஈரத்தையும் வாங்கிக் கொண்டுபோய்ச் சிப்பித்துறையில் தூறலாக இறக்குகிறது. நம் பக்கம் மலைமுனை மறித்துக்கொள்கிறது. ஆறு ஒதுங்கிப் போய்விடுகிறது. வாய்க்கால் வராத வீட்டுக்கு ஆளைக் குடியேற்றி என்ன பயன்?"

பின்னாலேயே வந்த ராயர் சிரித்தார். "கடலுக்குள் ஆறாம்! யார் பார்த்தது?"

"நாங்கள் கரையில் தேங்காய் பொறுக்கித் தின்றிருக்கிறோம் ராயரே. சிப்பித்துறையில் ஒரு தென்னைகூடக் கிடையாது. எங்கிருந்து வந்தது?"

ராஜா ஏதோ ருசி நாக்கில் தட்டியவனைப் போல நின்றான். ராயர் விடுவாரா? "ஏதாவது கப்பல் கவிழ்ந்திருக்கும்," என்றார்.

"அப்படியானால் உங்கள் தலைப்பாகையைக் கொடுங்கள். ஒரு கட்டையில் கட்டித் தென்கடலில் விடுவோம். மார்கழி முடியுமுன் சிப்பித்துறைக்கு வராவிட்டால், ஊரைப் பெயர்க்கும் வேலையை நானே செய்துவிட்டு என் ஆசனத்தையும் உங்களுக்குத் தருகிறேன்."

ராயர் மிடுக்காகத் தலைப்பாகையைக் கழற்றினார், ரத்தினப் பதக்கத்தோடு.

ராஜாவின் ஆட்கள் அதைத் தென்கடலில் விட்டுவந்தார்கள். மார்கழி பிறந்தது. நாளாக ஆக வேளாதித்தனுக்குச் சோறு இறங்கவில்லை. ராயர் தினமும் மந்திரி ஆசனத்தைக் கண்ணால் அளந்து பார்த்துக்கொண்டிருந்தார். மாதம் முடியும் தறுவாயில், சிப்பித்துறை வலைக்காரி கயலாத்தாள் சபைக்கு வந்தாள். சின்ன வயதில் ராஜாவோடும் மந்திரியோடும் விளையாடியவள். அவள் கையில் பாசி படிந்த தலைப்பாகை.

"வலையில விழுந்துச்சுங்க மகாராசா. பதக்கத்தைப் பாத்துட்டு, யாரோ பெரிய மனுசர் கடல்ல போயிட்டாருன்னு ஊரே அழுதுச்சு. அநாதையா விடக்கூடாதுன்னு பதினாறாம் நாள் காரியமும் பண்ணி, சோறும் போட்டுட்டோம். அவரு குடும்பத்துக்குச் சேதி சொல்லத்தான் வந்தேன்."

சபை சிரிப்பில் குலுங்கியது. ராஜா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ராயரே, காரியம் முடிந்தவருக்குச் சபையில் ஆசனம் எதற்கு?" என்றான். "அள்ளி வந்த மண்ணை நீரே வண்டியோட்டிக் கொண்டுபோய்த் திருப்பிப் போடும். உயிரோடுதான் இருக்கிறீர் என்று அழுதவர்களிடமும் சொல்லிவிடும். ஊர் இருந்த இடத்திலேயே இருக்கட்டும்."

வேளாதித்தனுக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. ராஜா தன் கழுத்து முத்துமாலையை அவனுக்குப் போட்டான். போட்ட கை தோளிலேயே நின்றது.

"அப்படியானால் அந்த மார்கழி எனக்குக் கிடைக்கவே கிடைக்காதா வேளா?"

"எங்கேயோ தென்கடலில் கிடக்கிற தண்ணீர் ஓயாமல் சிப்பித்துறைக்குப் போய்க்கொண்டிருக்கிறது. பட்டம் கட்டிய பிறகு மகாராஜா ஒருமுறைகூடப் போகவில்லை. நானும்தான் போகவில்லை."

ராஜா கயலாத்தாள் பக்கம் திரும்பி, "மாமா வீடு இருக்கிறதா?" என்று மெல்லக் கேட்டான்.

"மாமா போனப்பவே கூரை சரிஞ்சிடுச்சுங்க," என்றாள் அவள். "கடல் இருக்குது."

மார்கழியில் இன்னும் சில நாட்கள் மீதி இருந்தன. ராஜா அப்போதே ரதம் பூட்டச் சொன்னான்.