மூடுபனியில் தெரிந்த கண்கள்

வால்பாறைப் பக்கம் மூடுபனி இறங்கிவிட்டால் தன் கை தனக்கே தெரியாது. அந்த வெள்ளைக்குள், தேயிலைச் செடிகளை ஒரு கையால் தடவிக்கொண்டே, மேகத்தில் மிதப்பவள்போல ரோட்டோரமாக வேலைக்குப் போவாள் பேச்சித்தாய். அப்படிப் போனவளைத்தான் எஸ்டேட் முதலாளி சம்பந்தம் காரால் இடித்தார். கால் ஒடிந்தது. இனி சரிவில் ஏறிக் கொழுந்து பறிக்க முடியாது.

நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டாள். சம்பந்தம் கோர்ட்டில் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றார்.

"பனியில எதிர்ல ஒண்ணுமே தெரியலைங்க ஐயா. இந்தம்மா என்னடான்னா கண்ணை மூடிக்கிட்டு, கனவுல நடக்குற மாதிரி நடுரோட்டுல வந்துச்சு. தப்புல பாதி அதோடது. நஷ்டஈட்டுலயும் பாதிதான் தருவேன்."

"நீ என்னம்மா சொல்றே?" என்றார் நீதிபதி.

பேச்சித்தாய் ஊன்றுகோலில் சாய்ந்தபடி மெதுவாகக் கேட்டாள்: "நான் கண்ணை மூடியிருந்தது வரைக்கும் முதலாளிக்குத் தெரிஞ்சிருக்கு. நான் வந்தது மட்டும் எப்படிங்க தெரியாமப் போச்சு?"

நஷ்டஈடு முழுதும் சம்பந்தத்தின் தலையில்தான் விழுந்தது.

அன்றும் மலையெங்கும் பனி. ஆளில்லாத வளைவுகளில்கூட ஹாரன் அடித்துக்கொண்டே, நத்தைபோல ஊர்ந்து போனது அவர் கார்.