தாரகைப் பிசினுக்குப் பத்தியம்

முன்னொரு காலத்தில், ராஜாக்களுக்கும் பல் விழுந்துகொண்டிருந்த காலத்தில், ஒரு நாட்டை ஒரு ராஜா ஆண்டுவந்தார். ஒருநாள் அவர் முறுக்கைக் கடித்தபோது முறுக்கு உடையவில்லை, முன்பல் உடைந்துவிட்டது. அன்று முதல் அவர் வாயைத் திறந்தால் வார்த்தையோடு ஒரு சீட்டிச் சத்தமும் சேர்ந்து வந்தது. சபையில் ஒரு திருடனுக்கு அவர் தீர்ப்புச் சொன்னபோது மந்திரிகள் உதட்டைக் கடித்துக்கொண்டு தரையைப் பார்த்தார்கள். விகடகவி வெண்காடன் மட்டும் வாய்விட்டுச் சிரித்துவிட்டான். சிரிக்க வைப்பதுதான் அவன் உத்தியோகம், சிரிப்பது அல்ல. அவசரத்தில் மறந்துவிட்டது, பாவம்.

ராஜாவின் முகம் சுருங்கிப்போனது. அரண்மனை வைத்தியர் பொதிகைநாதருக்கோ உள்ளுக்குள் ஒரே கொண்டாட்டம். அவருடைய கஷாயத்துக்குக் கேட்காத ராஜா, வெண்காடன் பேச்சைக் கேட்டால் எழுந்து உட்கார்ந்துவிடுகிறார் என்று ஊரே பேசியது. அதில் வைத்தியருக்கு நெடுநாள் வயிற்றெரிச்சல். அந்த எரிச்சலுக்கு மட்டும் அவரிடம் சூரணம் இல்லை.

"மன்னர் பெருமானே, கவலை வேண்டாம்" என்று அவர் எழுந்தார். "வேப்பமரம் பிசின் விடுவதைப் போல விண்மீன்களும் பிசின் விடுகின்றன. தாரகைப் பிசின் என்று பெயர். பனங்கற்கண்டு நிறத்தில் இருக்கும், தொட்டால் சில்லிடும். குன்றிமணி அளவு உண்டால் விழுந்த பல் முளைக்கும். மலையுச்சியில் சொட்டும் அதை எடுத்துவர அஞ்சாத ஆள் வேண்டும். தங்கள் முன்னால் சிரிக்கவே அஞ்சாதவர் ஒருவர் இங்கே இருக்கிறாரே!"

"வெண்காடா, அதைக் கொண்டுவா" என்று ராஜா சீட்டியடித்தார். "முடியாவிட்டால் நாட்டை விட்டுப் போ."

வெண்காடன் வீட்டில் மனைவி நிறைமாதக் கர்ப்பிணி. அவளை எந்தத் தேசத்துக்கு அழைத்துப்போவான்? அப்படியொரு பிசினே இல்லை என்று சொன்னால், மலையேறப் பயந்து பேசுகிறான் என்பார்கள். அவன் கும்பிட்டு நின்றான்.

"உத்தரவு மகாராஜா. வைத்தியரிடம் ஒரே ஒரு சந்தேகம். இந்த மருந்துக்குப் பத்தியம் என்ன?"

பத்தியம் இல்லாத மருந்தை அந்த நாட்டில் மாடுகூடத் தின்னாது. பத்தியம் எவ்வளவு கடுமையோ அவ்வளவு மதிப்பு வைத்தியருக்கு. பொதிகைநாதர் தாடியை நீவிக்கொண்டார்.

"உப்பு, புளி, காரம் மூன்றும் ஆகாது. ஒரு மண்டலம், நாற்பத்தெட்டு நாள்."

"மருந்து உண்ட பிறகா?"

"முன்பே! உண்பவர் உடம்பு சுத்தமானால்தான் விண்மீன் பிசின் விடும்."

"நடுவில் முறிந்தால்?"

"மறுபடி முதல் நாளிலிருந்து!" என்றார் வைத்தியர், பெருமையாக.

"இன்றே தொடங்குகிறேன்" என்றார் ராஜா. "பத்தியம் முடிகிற அன்று பிசின் என் கையில் இருக்க வேண்டும். இல்லையேல் அன்று மாலையே நீ எல்லை தாண்ட வேண்டும்."

"அப்படியே மகாராஜா. என் பிழைப்பே தங்கள் பத்தியத்தில் இருக்கிறது. ஆகையால் தங்கள் இலைக்கு அடியேனே காவல்."

முதல் நாள் உப்பில்லாத கஞ்சி, அவித்த புடலங்காய். மறுநாளும் அதே புடலங்காய். மூன்றாம் நாள் ராஜா மோரை எடுத்தார். வெண்காடன் குவளையைப் பிடித்துக்கொண்டான். "உப்பு போட்ட மோர், மகாராஜா! மறுபடி முதல் நாளிலிருந்து தொடங்க இவ்வளவு ஆசையா?" ஐந்தாம் நாள் சேவகர் வீட்டில் அப்பளம் பொரித்த வாசனை சபைக்குள் வந்தது. ராஜா ஒரு வழக்கைப் பாதியில் நிறுத்திவிட்டு மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

ஏழாம் நாள் ராஜாவின் கிரீடம் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. வெண்காடன் பணிவாக அதைத் தூக்கினான். உள்ளே நார்த்தங்காய் ஊறுகாய்த் துண்டு, பாதி கடித்தது.

"பத்தியம் முறிந்தது. இன்று முதல் நாள்" என்று அறிவித்தான்.

அடுத்த தடவை ஒன்பது நாள் தாங்கியது. அதற்கடுத்த தடவை நாலே நாள். இப்படியே மூன்று மாதம் ஓடிப்போயிற்று. வெண்காடனுக்குப் பெண்குழந்தையும் பிறந்துவிட்டது. ராஜா இளைத்துத் துரும்பாகிவிட்டார். கடைசியில் வைத்தியரை அழைத்து, "வேறு வழியே கிடையாதா?" என்று கெஞ்சினார்.

பொதிகைநாதர் வாயைத் திறப்பதற்குள் வெண்காடன் முந்திக்கொண்டான். "இருக்கிறது மகாராஜா. பால்குடிக் குழந்தைக்கு நோய் வந்தால் மருந்து யாருக்கு, பத்தியம் யாருக்கு?"

"மருந்து குழந்தைக்கு. பத்தியம் தாய்க்கு" என்றார் ராஜா.

"தங்களுக்கும் இப்போது பல் முளைக்கத்தானே மருந்து? தங்களைக் குழந்தைபோலப் பார்த்துக்கொள்பவர் நம் வைத்தியர்தானே?"

ராஜா சிம்மாசனத்திலிருந்து துள்ளிக் குதித்தார். "பொதிகைநாதரே, இனி எனக்காக நீர் பத்தியம் இரும்! அரண்மனையிலேயே தங்கும். வெண்காடன் உம் இலையைப் பார்த்துக்கொள்வான். எனக்கு யாராவது வத்தக்குழம்பு கொண்டுவாருங்கள்!"

வைத்தியருக்கு அயிரைமீன் குழம்பு இல்லாமல் ஒரு வேளைச் சோறு இறங்காது. இரண்டு நாள் புடலங்காயைப் பார்த்தார். மூன்றாம் நாள் நண்பகலில் சபைக்கு ஓடிவந்து ராஜாவின் காலில் விழுந்தார்.

"மன்னா, விண்மீன் பிசினும் விடாது, கோந்தும் விடாது! வெண்காடனை விரட்டுவதற்காக நான் கட்டிவிட்ட கதை. நாடு கடத்துவதாக இருந்தாலும் கடத்துங்கள். அதற்கு முன் ஒரு கல் உப்பு கொடுங்கள்!"

ராஜாவுக்குக் கோபம் தலைக்கேறியது. மூன்று மாதம் கஞ்சி குடித்தவர் அல்லவா? ஆனால் அழுதுகொண்டிருந்த வைத்தியரைப் பார்க்கப் பார்க்கத் தன் பாடே அவருக்கு நினைவு வந்தது. வெண்காடன் பக்கம் திரும்பினார்.

"ஒன்று சொல்லடா. நாற்பத்தெட்டு நாளும் நான் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்திருந்தால் உன் கதி என்ன?"

"இருக்க மாட்டீர்கள் என்று தெரியும், மகாராஜா."

"என் மனவுறுதி மேல் உனக்கு அவ்வளவு நம்பிக்கையா?"

"நார்த்தங்காய் மேல் நம்பிக்கை, மகாராஜா. ஒவ்வொரு முறையும் அந்த ஊறுகாய் ஜாடியைத் தங்கள் கைக்கெட்டும் இடத்தில் வைத்தவன் அடியேன்தான்."

மந்திரிகள் மறுபடி தரையைப் பார்த்தார்கள். பிறகு ராஜா சிரித்தார். சீட்டியும் சிரிப்புமாகக் கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார், இந்த முறை சபையும் பயமில்லாமல் கூடச் சேர்ந்துகொண்டது. தன் தோளிலிருந்த பட்டுச் சால்வையை எடுத்து வெண்காடனுக்குப் போர்த்தினார், குழந்தைக்குத் தங்கக் கொலுசு கொடுத்தார். வைத்தியரை மன்னித்து, எல்லோருக்கும் ஒரே பந்தியில் இலை போடச் சொன்னார். அன்று அரண்மனையில் உப்பு போதாமல் பக்கத்துத் தெருவில் கடன் வாங்கினார்களாம்.