பதினாறு எண்ணும்வரை

மேட்டுத்தெரு ஆலயத்தின் பாடகர் குழுவில் ஞானதிரவியம் சேர்ந்தபோது அவருக்கு வயது ஐம்பத்தெட்டு. பாட்டுச் சொல்லிக்கொடுத்த எப்சிபா டீச்சருக்கு முப்பத்திரண்டு. போர்வெல் போடுகிற லாரியில் முப்பது வருஷம் புழுதி குடித்த நெஞ்சு அவருடையது. குரல் கனமாக இருந்தது. மூச்சுதான் போதவில்லை.

பெரிய வெள்ளிக்கான பாட்டு ஒரே நீண்ட சுரத்தில் முடிந்தது. கீழ்க்குரலில் பாடுகிறவர்கள் அதைப் பதினாறு எண்ணும்வரை அறாமல் பிடிக்க வேண்டும். கீழ்க்குரலுக்கு இரண்டே பேர். ஞானதிரவியம் வரிசையின் ஓர் ஓரத்தில், எலியேசர் மறு ஓரத்தில்.

"டீச்சர், ஒன்பதுக்கு மேல எனக்கு மூச்சு நிக்க மாட்டேங்கு. எப்படிப் பிடிக்க?"

"யாருக்குமே நிக்காது அண்ணாச்சி. இப்படி வாங்க."

கூட்டிப்போய் எலியேசருக்குப் பக்கத்தில் நிறுத்தினாள்.

ஞானதிரவியத்தின் முகம் இறுகியது. எலியேசரோடு பேச்சு நின்று ஒன்பது வருஷம். தன் மகளுக்கு நிச்சயமான கல்யாணம் நின்றுபோனது, எலியேசர் மாப்பிள்ளை வீட்டில் போய்ச் சொன்ன ஒரு வார்த்தையால். அது ஊருக்கே தெரியும். டீச்சருக்கும் தெரியும்.

"வேற இடம் இல்லையா டீச்சர்?"

"அவர் மூச்சு எடுக்கும்போது நீங்க எடுக்காதீங்க. நீங்க எடுக்கும்போது அவர் எடுக்க மாட்டார். அவ்வளவுதான்."

அவர் கேட்டது இடத்தைப் பற்றி. இவள் எதற்குப் பதில் சொல்கிறாள்? விளங்கவில்லை. குழுவிலிருந்து நின்றுவிடலாமா என்று இரண்டு தடவை யோசித்தார். ஆனாலும் வந்தார். எலியேசரின் முகத்தைப் பார்க்காமல் மூச்சை மட்டும் கேட்டார். மூன்றாவது வாரத்தில், ஏழு எண்ணும்போது அந்த ஆள் மூச்சு எடுப்பார் என்பது மனப்பாடமாகிவிட்டது. இதையெல்லாம் நான் ஏன் தெரிந்துவைத்திருக்கிறேன் என்று வீட்டுக்கு நடக்கையில் எரிச்சல் வரும்.

பெரிய வெள்ளியன்று ஆலயம் நிறைந்திருந்தது. கடைசிச் சுரம். நான்கு எண்ணுவதற்குள் எலியேசருக்குத் தொண்டை அடைத்துக் குரல் நின்றது. அடுத்து ஞானதிரவியம் மூச்சு எடுக்க வேண்டிய இடம். அவர் எடுக்கவில்லை. நெஞ்சு எரிந்தது. கண் இருட்டிக்கொண்டு வந்தது. விடாமல் பிடித்தார். பதினொன்றில் எலியேசரின் குரல் திரும்ப வந்து சேர்ந்தது. அதன் பிறகே மூச்சு எடுத்தார்.

ஆராதனை முடிந்ததும் எலியேசர் போய்விட்டார். பாட்டுப் புத்தகங்களை அடுக்கிக்கொண்டிருந்த டீச்சரிடம் ஞானதிரவியம் வந்து நின்றார்.

"டீச்சர், மக கல்யாணத்த நெனச்சா இப்பவும் வயிறு எரியுது. அப்புறம் ஏன் நான் அப்படிச் செஞ்சேன்? அவன மன்னிச்சிட்டேன்னு அர்த்தமா?"

"எனக்குத் தெரியல அண்ணாச்சி. அவருக்கு மூச்சுவிட நேரம் கிடைச்சுது."