விரைந்து முடிக்குமாறு

சூசைமாணிக்கம் பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்ற பிறகு சட்டம் படித்தவர். தன்னைவிட வயதில் சிறியவரான வழக்கறிஞர் திலகவதியிடம் ஜூனியராகச் சேர்ந்தார். வேலம்மையின் வழக்கைத்தான் திலகவதி முதலில் அவரிடம் ஒப்படைத்தார்.

பக்கத்தில் மனை போடுகிறவர், வேலம்மையின் கொல்லையோரமும் தன்னுடையது என்றார். அங்கேதான் அவள் மகளைப் புதைத்திருந்தாள்.

"நெலம் போனாப் போவுது. எம்புள்ள படுத்திருக்கிற எடத்துல மட்டும் மிஷின விட வேணாம்னு சொல்லுங்கய்யா."

வழக்குப் போட்டு, அது முடியும்வரை மிஷினுக்குத் தடை கேட்டு மனுவும் போட்டார்கள். எதிர்த்தரப்பு பதில் சொல்ல அவகாசம் கேட்டது. கிடைத்தது. மறுபடி கேட்டது. மறுபடியும் கிடைத்தது.

சூசைமாணிக்கம் பொறுக்காமல் மதுரைக்குப் போனார். மனுவை விரைந்து முடிக்குமாறு கீழ்க் கோர்ட்டுக்கு உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. நகலோடு ஓடி வந்தார்.

"மேலேயிருந்தே சொல்லிட்டாங்க மேடம். இனிமே இழுக்க மாட்டாங்கல்ல?"

திலகவதி அவரைக் கோர்ட் அலுவலகத்துக்குக் கூட்டிப்போனார்.

"எங்க வைக்கட்டும்?" என்றார் எழுத்தர்.

"அவசரக் கட்டு எதுவோ, அதுல வைங்க."

எழுத்தர் சுவரோரம் கை காட்டினார். ஆள் உயரத்துக்குக் கட்டுகள். "அது பூராவும் அவசரந்தான் சார். எல்லாத்துலயும் மேலேயிருந்து வந்த உத்தரவு இருக்கு."

வெளியே வந்ததும் சூசைமாணிக்கம் கேட்டார். "அந்தம்மாகிட்ட என்ன சொல்றது?"

"உத்தரவு வந்திருக்குன்னு சொல்லுங்க. அது பொய்யில்லையே."

மனு விசாரணைக்கு வருவதற்குள் கீழ்க் கோர்ட் நீதிபதி மாற்றலாகிப் போனார். அந்த இடத்துக்கு யாரும் வரவில்லை.

ஒரு காலையில் மிஷின் வந்தது. வேலம்மை மகளைப் புதைத்த மேட்டின்மேல் குப்புறப் படுத்துக்கொண்டாள். நாலு பேர் தூக்கி வேலியோரம் உட்கார வைத்தார்கள். சூசைமாணிக்கம் போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடினார்.

"தடை இருக்கா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"சீக்கிரம் விசாரிக்கச் சொல்லி ஹைகோர்ட் உத்தரவு இருக்கு."

"தடை இருக்கான்னு கேட்டேன்."

சூசைமாணிக்கம் திரும்பி வந்தபோது மேடு இல்லை. எது எந்த இடம் என்று வேலம்மைக்கே தெரியவில்லை.

புதிய நீதிபதி வந்தார். நல்லவர். உயர் நீதிமன்ற உத்தரவைப் பார்த்ததும் அன்றே மனுவை எடுத்துக்கொண்டார். இடத்தை நிரவிவிட்டதைத் திலகவதி எடுத்துச் சொன்னார்.

"அதை மூல வழக்கில் பார்ப்போம்," என்ற நீதிபதி, சொத்தின் தற்போதைய நிலை அப்படியே நீடிக்க வேண்டும் என்று உத்தரவிட்டார்.

வேலம்மை வெளியே படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். விரல்களால் தரையைத் தடவிக்கொண்டிருந்தாள்.

சூசைமாணிக்கம் அவளிடம் போகாமல் திலகவதியிடம் திரும்பினார்.

"தற்போதைய நிலைன்னா எது மேடம்?"

திலகவதி படிக்கட்டைப் பார்த்தார்.

"அங்க உட்கார்ந்திருக்காங்களே, அதுதான்."