புகார் கொடுக்க வயது போதாது

“என் மக விசேஷத்துக்கு முக்குக்கு முக்கு ஃப்ளெக்ஸ் வச்சேன், ஒத்துக்கறேன். அது எங்க தெரு பார்க்க. உலகத்துல இருக்கறவன் எல்லாம் பார்க்கவா வச்சேன்?”

எங்கள் மாடியில் குடியிருக்கும் சற்குணம், கரூரில் கதிர்வேலின் போட்டோ ஸ்டூடியோ வாசலில் நின்று கத்தியது இது. துணைக்கு நான் போயிருந்தேன். சற்குணத்தின் பன்னிரண்டு வயது மகள் தாரிகாவும் நின்றாள். அவளுடைய மஞ்சள் நீராட்டு விழாவை வீடியோ எடுத்தவர் கதிர்வேல். அதில் ஒரு நிமிடத்தை, அவள் பெயரோடும் பள்ளிக்கூடத்தின் பெயரோடும், தன் கடை விளம்பரமாக ஒரு வீடியோ தளத்தில் போட்டுவிட்டார்.

“நீங்கதானக்கா ‘நல்லா இருக்கு, போட்டுக்க தம்பி’ன்னீங்க! எடுன்னு சொன்ன அன்னைக்கே அங்கிருந்து எடுத்தும் தொலைச்சேன்.”

கதிர்வேல் எடுத்தார், பொய்யில்லை. அதற்குள் முகம் தெரியாத நாற்பது பேர் அதை நகலெடுத்து, அசிங்கமான பாட்டு ஒன்றைச் சேர்த்து மறுபடி போட்டிருந்தார்கள். தளமாவது சும்மா இருந்ததா? ‘உங்களுக்குப் பிடிக்கும்’ என்று மூன்று லட்சம் பேர் முன்னால் நீட்டியது. நடுவில் சோப்பு விளம்பரம் வேறு. வகுப்பில் அந்தப் பாட்டைப் பாடிக் காட்டுகிறார்களாம். பதினோரு நாளாகத் தாரிகா பள்ளிக்கூடம் போகவில்லை. அந்த வீடியோ போனால்தான் போவேன் என்கிறாள்.

கான்வென்ட்டில் படித்த இங்கிலீஷ் வேறு எதற்கு? தளத்துக்கு நானே புகார் எழுதினேன். பதில் வந்தது: வீடியோவில் இருப்பவர்தான் புகார் தரவேண்டும். தருவதற்குக் கணக்கு வேண்டும். சிறுமிக்குக் கணக்கு கிடையாது. தாய் தரலாமே என்றேன். தரலாமாம், மகளின் ஆதார் அட்டையையும் முகத்தை நேராகக் காட்டும் புது வீடியோவையும் அனுப்பினால்! பிறர் போட்டதற்கு நாங்கள் பொறுப்பல்ல என்று கடைசி வரி.

ஆசையில் தலையாட்டிய தாய், கேட்டுப் போட்டு, சொன்னதும் எடுத்த போட்டோக்காரர், விதியைக் காட்டிய தளம். இதில் பெரிய குற்றம் யாருடையது?

யாருக்கும் வாய் வராவிட்டால் நானே சொல்கிறேன். சற்குணம் செய்தது மடத்தனம், கதிர்வேல் செய்தது பேராசை. ஆனால் முகம் தெரியாத அந்த நாற்பது பேரைப் பிடிக்க முடியாது; இன்றைக்கு அவர்கள் போட்டதையெல்லாம் எடுக்கக்கூடியது தளம் மட்டுமே, அது கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறது. புகார் என்றதும் இவள் குழந்தை என்று தெரிந்துகொண்ட தளத்துக்கு, மூன்று லட்சம் பேருக்குக் காட்டும்போது மட்டும் தெரியாமல் போயிற்றா?

இதை அந்த வாசலிலேயே சொன்னேன். தப்பித்த சந்தோஷத்தில் இரண்டு பேரும் ஆமாம் ஆமாம் என்றார்கள். அப்போதுதான் தாரிகா வாயைத் திறந்தாள்.

“இனிமே என்னை எங்கயாவது போடறதுக்கு முன்னாடி, என்னை ஒரு வார்த்தை கேளுங்களேன்.”

புகார் எழுதும் முன் நானும் அவளைக் கேட்டிருக்கவில்லை.