நடுக் கண்ணாடியில் சகலை

திண்டுக்கல் பைபாஸில் ஜெசிந்தா என்றொரு குரு இருந்தார். முப்பத்தைந்து வயசு. கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பதால் ஊரே அவரை மாஸ்டர் என்றுதான் கூப்பிடும். ஆசிரமம் என்று பார்த்தால் ஒரு பழைய வெள்ளைக் கார், முன்னால் சிவப்பு எழுத்தில் எல் போர்டு. பக்கத்து சீட்டில் அவர் காலடியிலும் ஒரு பிரேக் உண்டு. சீடர்களைவிட அவர் அதைத்தான் அதிகம் நம்பினார்.

அவரிடம் ஒரே நேரத்தில் இரண்டு சீடர்கள் வந்து சேர்ந்தார்கள். மூத்தவர் சௌந்திரபாண்டி, பெயிண்ட் கடைக்காரர். இளையவர் செல்வகணபதி, கூட்டுறவு வங்கியில் வேலை. அக்கா தங்கையைக் கட்டிய சகலைகள். இரண்டு பேரையும் ஒரே காரில் அடைத்ததுதான் வினை.

மாமனார் புதுசாக ஒரு கார் வாங்கி நிறுத்தியிருந்தார். அவருக்கு ஓட்டத் தெரியாது. குலதெய்வம் கோயிலுக்குக் குடும்பத்தோடு சாமி கும்பிடப் போகும்போது, யார் நன்றாக ஓட்டுகிறார்களோ அந்த மாப்பிள்ளை கையில் சாவி என்று பொதுவாகச் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து சௌந்திரபாண்டிக்குச் சோறு இறங்கவில்லை.

அவர் மனைவி தனபாக்கியம் வேறு ஏற்றிவிட்டாள். "மூத்த மாப்பிள்ளை பின் சீட்டுல உட்கார்ந்து வந்தா, எங்க சனம் முன்னாடி நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு இறங்குறது?"

ஒருவர் ஓட்டும்போது மற்றவர் பின்னால் இடது பக்கம் உட்கார்ந்திருப்பார். அதுதான் ஏற்பாடு. ஓட்ட உட்கார்ந்ததும் நடுக் கண்ணாடியைத் திருப்பிச் சரிசெய்வதில் சௌந்திரபாண்டிக்கு ரொம்ப சிரத்தை. இப்படித் திருப்புவார், அப்படித் திருப்புவார். சகலையின் முகம் முழுசாக விழுந்த பிறகுதான் சாவியைத் தொடுவார்.

சிரிக்கிறானா? உதட்டைச் சுழிக்கிறானா? அதைப் பார்க்காமல் அவரால் கியர் போட முடியாது.

அன்றைக்குப் பாடம், தடம் மாறுவது.

"கோடு விடாம நீளமா போச்சுன்னா தாண்டக்கூடாது. விட்டு விட்டு இருந்தா தாண்டலாம். முதல்ல கண்ணாடி, அப்புறம் இண்டிகேட்டர், அப்புறம் தலையைத் திருப்பி ஒரு பார்வை. அதுக்கப்புறந்தான் ஸ்டீயரிங்" என்றார் மாஸ்டர்.

முதலில் செல்வகணபதி ஓட்டினார். வலது தடத்துக்குப் போய், ஒரு டிராக்டரைத் தாண்டி, இடது தடத்துக்கு வந்தார். மாஸ்டரின் கால் பிரேக் பக்கமே போகவில்லை. சௌந்திரபாண்டி பின்னாலிருந்து எட்டி எட்டி அந்தக் காலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். வயிறு எரிந்தது.

அடுத்து அவர் முறை. வலது தடத்துக்கு எப்படியோ போய்விட்டார். டிராக்டர் ஒன்று அவருக்கும் கிடைத்தது, அதையும் தாண்டினார். இனி இடது பக்கம் திரும்பி வர வேண்டும். இண்டிகேட்டரைத் தட்டினார், கண்ணாடியைப் பார்த்தார். உள்ளே சகலையின் உதடு அசைந்தது.

என்னமோ சொல்றான். என்னைத்தான் சொல்றான்.

ஸ்டீயரிங்கை இடது பக்கம் ஒடித்தார். கார் குலுங்கி நின்றது. மாஸ்டர் பிரேக்கை மிதித்திருந்தார். கதவை ஒட்டி ஒரு மொபெட், அதில் முன்னால் குழந்தையை நிற்கவைத்திருந்த ஒரு ஆள்.

"யோவ்! கண்ணு என்ன பொடதியிலயா இருக்கு?" என்று கத்திவிட்டுப் போனார் அவர். குழந்தை திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனது.

காரை ஓரங்கட்டினார்கள். சௌந்திரபாண்டியின் கோபம் முதலில் பின்னால்தான் பாய்ந்தது.

"என்ன சொன்ன நீ? அந்த நேரத்துல என்ன முணுமுணுத்த?"

"முருகா முருகான்னேன் சகல. பயந்துட்டேன்."

அடப்பாவி, சாமியையும் இவனே முந்திக்கிட்டுக் கூப்பிட்டுட்டானே என்றுதான் அவருக்குத் தோன்றியது. மாஸ்டர் பக்கம் திரும்பினார்.

"மாஸ்டர், ஒண்ணு கேட்டா மறைக்காம சொல்லணும். அவன் ஓட்டினா உங்க கால் சும்மா இருக்கு. நான் ஓட்டினா மட்டும் பிரேக். அவன்கிட்ட என்ன இருக்கு, என்கிட்ட என்ன இல்ல?"

மாஸ்டர் பின்னால் திரும்பி, "அண்ணே, கொஞ்சம் இறங்கி அந்த இளநீர்க்கடைல நில்லுங்க" என்றார். செல்வகணபதி இறங்கிப் போனார்.

"இப்ப நடுக் கண்ணாடியைப் பாருங்கண்ணே. என்ன தெரியுது?"

"சீட்டு."

"அப்புறம்?"

"அவன் வச்சுட்டுப் போன துண்டு."

"ரோடு?"

சௌந்திரபாண்டி கழுத்தை நீட்டிப் பார்த்தார். குனிந்து பார்த்தார். சீட்டும் துண்டும்தான். அந்த நேரம் பார்த்து ஒரு லாரி காரை உரசுகிற மாதிரி கடந்து போனது. முன்னால் போன பிறகுதான் அப்படி ஒன்று வந்ததே அவருக்குத் தெரிந்தது.

"தெரியல" என்றார். மொபெட்டில் போன குழந்தையின் முகம் ஞாபகத்துக்கு வந்தது.

சட்டென்று கண்ணாடியைத் திருப்பக் கையைத் தூக்கினார். மாஸ்டர் தடுத்தார்.

"இப்ப வேண்டாம். அவர் வந்து உட்காரட்டும்."

செல்வகணபதி இரண்டு இளநீரோடு வந்தார். ஒன்றை ஜன்னல் வழியாக நீட்டினார். "குடிங்க சகல, படபடப்பு அடங்கும்." பின்னால் ஏறித் துண்டை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். கண்ணாடியில் அவர் முகம் மறுபடியும் முழுசாக விழுந்தது.

"இப்பத் திருப்புங்கண்ணே" என்றார் மாஸ்டர்.

சௌந்திரபாண்டி கண்ணாடியைத் தொட்டார். அது லேசாகத் திரும்பக்கூடியதுதான், அவருக்குத்தான் கை வரவில்லை. மெல்லத் திருப்பினார். சகலையின் கன்னம் போனது, காது போனது. பாதி வழியில் நிறுத்திக்கொண்டார்.

"மாஸ்டர்" என்று குரலைத் தாழ்த்தினார். "முழுசாத் திருப்பிட்டா, பின்னாடி அவன் என்ன பண்றான்னு எனக்கு எப்படித் தெரியும்?"

மாஸ்டர் சீட் பெல்ட்டை மாட்டிக்கொண்டார்.

"தெரியாதுண்ணே. ரோடு மட்டுந்தான் தெரியும்."